சந்தாவோடு வரும் மாதாந்தரக் கேம்: இது எந்த வகை இலவசம்?

சிங்கப்பூரில் மார்ச் பள்ளி விடுமுறையின் முதல் திங்கட்கிழமை. காலை ஒன்பதரை மணி இருக்கும். செங்காங்கிலிருந்து அக்கா அழைத்தார்.

"தம்பி, அந்தப் பெட்டி கெட்டுப்போச்சுன்னு நினைக்கிறேன். நேத்து வரைக்கும் நல்லா விளையாடிக்கிட்டிருந்தான். இன்னிக்குத் திறந்தா எல்லாத்துலயும் பூட்டுப் படம் வருது."

பின்னாலிருந்து மருமகனின் குரல் கேட்டது. "எல்லாத்துலயும் இல்ல மாமா. பதினொண்ணுல. ரெண்டு திறக்குது."

பெட்டி கெடவில்லை. அவன் தொடக்கப்பள்ளி இறுதித் தேர்வான பிஎஸ்எல்இ முடித்ததற்காக டிசம்பரில் வாங்கிய பிஎஸ்5, அதாவது பிளேஸ்டேஷன் 5 கேம் பெட்டி அது. கூடவே மூன்று மாத பிளேஸ்டேஷன் பிளஸ் சந்தாவும் அக்கா வாங்கிக் கொடுத்திருந்தார். சந்தா தானாகப் புதுப்பித்துக்கொள்ளும் வசதியை அன்றைக்கே அணைத்தும் வைத்துவிட்டார். வரவு செலவு விஷயத்தில் அக்காவை யாரும் ஏமாற்றிவிட முடியாது. மூன்று மாதம் முடிந்தது, பூட்டு விழுந்தது. அவ்வளவுதான்.

ஆனால் அக்காவின் அடுத்த கேள்விக்கு என்னால் ஒரு வரியில் பதில் சொல்ல முடியவில்லை. "ஃப்ரீன்னுதானே சொன்னான்? குடுத்ததை எப்படித் திரும்பப் பிடுங்குவான்?"

முதலிலிருந்து பார்ப்போம். கன்சோல் என்பது தொலைக்காட்சியில் இணைத்து கேம் ஆடும் பெட்டி. சோனியின் பிளேஸ்டேஷன், மைக்ரோசாஃப்டின் எக்ஸ்பாக்ஸ், நிண்டெண்டோவின் ஸ்விட்ச் ஆகிய மூன்றும்தான் இன்று பெரியவை. பெட்டியை வாங்கி, கேமையும் காசு கொடுத்து வாங்கிய பிறகும், வேறு வீட்டில் இருக்கும் நண்பனோடு இணையம் வழியே ஆடப் பெரும்பாலும் தனியாக ஒரு சந்தா கட்ட வேண்டும். சோனியில் அதன் பெயர் பிளேஸ்டேஷன் பிளஸ். அதைக் கட்டுபவர்களுக்கு ஒவ்வொரு மாதமும் சில கேம்கள் கூடுதல் கட்டணம் இல்லாமல் வரும். கடையில் முப்பது, அறுபது வெள்ளி விலை போட்டிருக்கும் கேமாகக்கூட இருக்கலாம். அந்த மாதம் சந்தாதாரருக்கு அதன் விலை பூஜ்யம்.

இதைத்தான் எல்லோரும் 'ஃப்ரீ கேம்' என்கிறார்கள். நானும் பேச்சில் அப்படித்தான் சொல்கிறேன். குழப்பமும் அந்தச் சொல்லில்தான் தொடங்குகிறது.

அக்காவுக்குப் புரியட்டும் என்று வங்கி லாக்கரை உதாரணம் காட்டினேன். லாக்கருக்கு வாடகை கட்டும்வரை சாவி வேலை செய்யும். கட்டாவிட்டால் உள்ளே இருப்பதைத் தொட முடியாது. நகை எங்கேயும் போகவில்லை. மறுபடி வாடகை கட்டினால் பழையபடி திறக்கலாம். மாதாந்தரக் கேமும் அப்படித்தான். சந்தா ஓடும்வரை ஆடலாம். நின்றால் பூட்டு. ஆறு மாதம் கழித்துத் திரும்பக் கட்டினாலும், முன்பு சேர்த்தது அத்தனையும் அப்படியே திறக்கும்.

அக்கா கொஞ்ச நேரம் யோசித்தார். "லாக்கர்லேர்ந்து நகையை வீட்டுக்கு எடுத்துட்டு வரலாம்ல? இதை எடுக்க முடியுமா?"

முடியாது.

"அப்புறம் அது என்ன என் நகை?"

என் உதாரணம் அங்கேயே விழுந்தது. ஆனால் அக்கா கேட்டதுதான் சரியான கேள்வி. மாதாந்தரக் கேம் நமக்குச் சொந்தமாவதில்லை. ஆடுவதற்கான உரிமம் கிடைக்கிறது, அந்த உரிமம் சந்தாவோடு கட்டப்பட்டிருக்கிறது. இன்னும் சொல்லப்போனால், காசு கொடுத்து இணையக் கடையில் வாங்கும் கேமும் சட்டப்படி உரிமம்தான். கலிஃபோர்னியா மாநிலத்தில் 2025 ஜனவரி முதல் நடப்புக்கு வந்த ஒரு சட்டம், இப்படிப்பட்ட பொருளுக்கு 'வாங்கு' என்று பொத்தான் வைத்தால், கிடைப்பது உரிமம்தான் என்பதை வாங்குபவருக்குத் தெளிவாகச் சொல்ல வேண்டும் என்கிறது. வாங்கிய உரிமத்துக்கும் சந்தா உரிமத்துக்கும் உள்ள வேறுபாடு நடைமுறையில் இதுதான்: வாங்கியது சந்தா இல்லாவிட்டாலும் திறக்கும், மற்றது திறக்காது.

மருமகனின் பெட்டியில் திறந்த இரண்டும் எவை என்று பாருங்கள். ஒன்று, கடையில் வாங்கிய கால்பந்து டிஸ்க். திறந்தது, கணினியோடு மோதி ஆடலாம், ஆனால் பள்ளி நண்பனோடு இணையத்தில் ஆட முடியவில்லை, ஏனென்றால் அதற்குச் சந்தா தேவை. இன்னொன்று ஃபோர்ட்நைட். அது யாரும் எப்போதும் காசில்லாமல் இறக்கிக்கொள்ளக்கூடிய கேம். உள்ளே உடை, நடனம் என்று விற்றுச் சம்பாதிக்கும் வகை. பிளேஸ்டேஷனில் இந்த வகைக் கேம்களை இணையத்தில் ஆடச் சந்தாவே வேண்டாம். ஆகவே 'ஃப்ரீ' என்ற ஒரே சொல்லுக்குள் இரண்டு வேறு சரக்குகள் இருக்கின்றன. பிள்ளை ஃபோர்ட்நைட் மட்டுமே ஆடுகிறான் என்றால் சந்தா கட்டவே தேவையில்லை. இது தெரியாமல் கட்டிக்கொண்டிருக்கும் பெற்றோர் இரண்டு பேரை எனக்கே தெரியும்.

இப்போது, புதிதாகச் சேர்பவர்கள் தவறவிடும் இடம். சந்தா கட்டினால் மாதாந்தரக் கேம் தானாக வந்து சேராது. நாமே போய் எடுக்க வேண்டும்.

சோனியில் புதிய கேம்கள் மாதத்தின் முதல் செவ்வாய்க்கிழமை வரும். அடுத்த மாத முதல் செவ்வாய்க்கு முந்தைய திங்கள் வரை இருக்கும். அதற்குள் கன்சோலில் உள்ள கடைக்குப் போய் ஒவ்வொரு கேமிலும் 'ஆட் டு லைப்ரரி' என்ற பொத்தானை அழுத்த வேண்டும். அழுத்திய கேம் உங்கள் கணக்கில் ஏறிவிடும். அழுத்தாத கேம் போனது போனதுதான், பிறகு ஆட வேண்டுமென்றால் காசு. சந்தா ஓடிக்கொண்டிருந்தாலும் போன மாதத்துக் கேமை இந்த மாதம் எடுக்க முடியாது. மாதத் தொடக்கத்திலேயே அழுத்திவிடுங்கள். கடைசித் திங்கள் என்று விட்டால் நேர வித்தியாசம் காலை வாரிவிடும்.

பலர் அழுத்தத் தயங்குவதற்கு ஒரு காரணம் உண்டு. "ஏற்கெனவே இடமில்லை, இதை வேறு எங்கே போடுவது?" லைப்ரரியில் சேர்ப்பது வேறு, இறக்குவது வேறு. சேர்த்தால் உங்கள் கணக்கில் ஒரு வரி ஏறுகிறது, அவ்வளவே. பெட்டியில் ஒரு துளி இடமும் பிடிக்காது. முதலில் வந்த பிஎஸ்5-இல் 825 ஜிகாபைட் சேமிப்பகம் இருக்கிறது, இயங்குதளம் போக நமக்குக் கிடைப்பது சுமார் 667. ஒரு பெரிய கேமே நூறு ஜிகாபைட்டைத் தொடும் காலம் இது. ஆகவே எல்லாவற்றையும் சேர்த்து வையுங்கள், ஆடப் போவதை மட்டும் இறக்குங்கள். கைப்பேசியில் உள்ள பிளேஸ்டேஷன் செயலியிலேயே சேர்க்கலாம். நான் எம்ஆர்டி ரயிலில் நின்றுகொண்டே செய்கிறேன், பொத்தோங் பாசிர் நிலையம் வருவதற்குள் முடிந்துவிடும். பெட்டியே இல்லாமலும் சேர்க்கலாம். பிஎஸ்5 தட்டுப்பாடாக இருந்த காலத்தில், பெட்டி கிடைக்கும் முன்பே அதற்கான கேம்களைச் செயலி வழியாகச் சேர்த்து வைத்தவர்கள் நிறையப் பேர். பெட்டி வந்த அன்று அவர்களுக்கு ஒரு அலமாரி நிறையக் கேம் காத்திருந்தது.

இந்த ஏற்பாடு எங்கிருந்து வந்தது? பிளேஸ்டேஷன் பிளஸ் 2010 ஜூனில் தொடங்கியபோது அது இருந்தால்தான் இணையத்தில் ஆட முடியும் என்ற கட்டாயம் இல்லை. பிஎஸ்3-இல் இணைய ஆட்டத்துக்குக் கட்டணமே கிடையாது. அப்படியானால் எதற்குச் சந்தா கட்ட வேண்டும்? அந்தக் கேள்விக்குப் பதிலாகத்தான் கேம்களைக் கொடுத்தார்கள், 2012-இல் அதைத் தாராளமாக்கினார்கள். 2013-இல் பிஎஸ்4 வந்தது. அதில் இணைய ஆட்டத்துக்குச் சந்தா கட்டாயமாயிற்று. அதுவரை கேமுக்காகச் சந்தா கட்டினோம். அதன் பிறகு சந்தா கட்டியே ஆக வேண்டியிருந்தது, கேம் கூடவே வந்தது. சாப்பாட்டுக்கு அப்பளம் போல. 2019 மார்ச்சில் பிஎஸ்3, வீட்டா (சோனியின் கையடக்கக் கருவி) கேம்களைப் பட்டியலிலிருந்து எடுத்தார்கள். 2026 ஜனவரி முதல் பிஎஸ்4 கேம்கள் எப்போதாவதுதான் வரும் என்றும் அறிவித்தார்கள். பழைய பிஎஸ்4 பெட்டியை வைத்துக்கொண்டு, மாதாந்தரக் கேமுக்காக மட்டும் யாராவது இனிமேல் சந்தா கட்டினால் நான் தடுப்பேன்.

2022-இல் இன்னொரு குழப்பம் சேர்ந்தது. சந்தா மூன்று படியானது. எசென்ஷியல், எக்ஸ்ட்ரா, அதற்கும் மேலே ஒன்று. அந்த மூன்றாவதற்கு சில நாடுகளில் பிரீமியம் என்று பெயர், சிங்கப்பூரில் டீலக்ஸ். மாதாந்தரக் கேம் மூன்று படிக்கும் பொது. எக்ஸ்ட்ராவில் சேர்ந்தால் கூடவே சில நூறு கேம்கள் கொண்ட ஒரு தொகுப்பு திறக்கும். இங்கேதான் கவனம் வேண்டும். தொகுப்பில் உள்ள கேம் வேறு விதி, மாதாந்தரக் கேம் வேறு விதி.

தொகுப்பு என்பது நம் தேசிய நூலகம் மாதிரி. அலமாரியில் இருக்கும்வரை எடுத்துப் படிக்கலாம். நூலகம் அந்தப் புத்தகத்தை அலமாரியிலிருந்து எடுத்துவிட்டால், நீங்கள் பாதிதான் படித்திருந்தாலும் அவ்வளவுதான். கேம் தயாரிப்பாளரோடு போட்ட ஒப்பந்தம் முடிந்ததும் அந்தக் கேம் தொகுப்பிலிருந்து போய்விடும். நீங்கள் சந்தா கட்டிக்கொண்டே இருந்தாலும் போய்விடும். மாதாந்தரக் கேம் அப்படிப் போகாது. ஒரு முறை சேர்த்தால், சந்தா இருக்கும்வரை உங்கள் லைப்ரரியில் இருக்கும். ஆகவே எக்ஸ்ட்ரா வைத்திருப்பவர்களும், "அதுதான் நூற்றுக்கணக்கில் கிடக்கிறதே" என்று மாதாந்தரக் கேமை அலட்சியம் செய்யக் கூடாது.

சரி, இவர்கள் ஏன் கொடுக்கிறார்கள்? தயாரித்தவருக்கு நட்டம் இல்லையா?

கேமைத் தரும் நிறுவனத்துக்குக் கன்சோல் நிறுவனம் ஒரு தொகை கொடுக்கிறது. இந்த ஒப்பந்தங்கள் வெளியே வருவது அபூர்வம். ஒரு முறை வந்தன. கன்சோலில் இல்லை, கணினியில். எபிக் கேம்ஸ் நிறுவனம் தன் இணையக் கடையில் 2018 டிசம்பரிலிருந்து கேம்களை இலவசமாகக் கொடுத்துவருகிறது. ஆப்பிளோடு அது நடத்திய வழக்கில் 2021-இல் ஆவணங்கள் வெளியாயின. முதல் ஒன்பது மாதத்தில் 38 கேம்களுக்காக அந்த நிறுவனம் கொடுத்தது சுமார் 1 கோடியே 16 லட்சம் அமெரிக்க டாலர். அதனால் கிடைத்த புதிய கணக்குகள் சுமார் 50 லட்சம். தலைக்கு இரண்டரை டாலருக்கும் குறைவு. ஒரு வாடிக்கையாளரைக் கடைக்குள் வரவழைக்க இதைவிட மலிவான வழி இருக்காது என்று தெரிந்தே செய்திருக்கிறார்கள்.

தயாரிப்பாளருக்கும் லாபம் உண்டு, முக்கியமாகப் பலர் சேர்ந்து ஆடும் கேமாக இருந்தால். காரில் கால்பந்து ஆடும் ராக்கெட் லீக் 2015 ஜூலையில் வெளியான அன்றே பிளேஸ்டேஷன் பிளஸ்ஸில் மாதாந்தரக் கேமாக வந்தது. ஃபால் கைஸ் 2020 ஆகஸ்ட்டில் அதே வழியில் வந்து, அந்தச் சேவையில் அதுவரை அதிகம் பேர் இறக்கிய கேம் ஆனது. இப்படிப்பட்ட ஆட்டத்தில் எதிரே ஆள் இருந்தால்தான் ஆட்டம். காலியான திடலுக்கு யாரும் நுழைவுச்சீட்டு வாங்க மாட்டார்கள். முதல் நாளே கூட்டத்தைச் சேர்த்துவிட்டால், பெயர் தானாகப் பரவும். பழைய கேம் என்றால் கணக்கு வேறு: இரண்டாம் பாகம் வரப் போகிறது, முதல் பாகத்தைக் கையில் கொடுத்துவிட்டால் பசி எடுக்கும்.

நமக்கு எதிரான கணக்கும் ஒன்று உண்டு. லைப்ரரியில் கேம் சேரச் சேர, சந்தாவை நிறுத்த மனம் வராது. என்னிடம் இருநூற்றுக்கு மேல் இருக்கும், ஆடியது முப்பதைத் தாண்டாது. ஆனாலும் ஒவ்வொரு வருடமும் புதுப்பிக்கும்போது அந்த இருநூறுதான் கண்ணில் படுகிறது.

இனி நம் ஊர் விவரம். கணக்கு தொடங்கும்போது எந்த நாட்டைத் தேர்ந்தெடுக்கிறோமோ அது நிலையானது, பிறகு மாற்ற முடியாது. சிங்கப்பூர்க் கணக்குக்குச் சிங்கப்பூருக்கான முன்கட்டண அட்டைதான் செல்லும். பல வருடங்களுக்கு முன் ஒரு கடைத்தொகுதியில் பன்னிரண்டு மாதச் சந்தா அட்டை ஒன்றை வாங்கி, கடை வாசலிலேயே நாணயத்தால் சுரண்டி, எண்ணை அடித்தேன். ஏற்கவில்லை. திருப்பிப் பார்த்தால் மூலையில் பொடி எழுத்தில் அமெரிக்கா என்று இருந்தது. சுரண்டிய அட்டையைக் கடைக்காரர் திரும்ப வாங்க மறுத்துவிட்டார், அவரைக் குறை சொல்லவும் முடியாது. விலை குறைவாக இருக்கிறதே என்று இணையத்தில் எண் வாங்குபவர்கள் முதலில் நாட்டின் பெயரைப் பாருங்கள். சோனியின் இணையக் கடையில் நேராகக் கட்டினால் பொருள் சேவை வரியும் உண்டு. வெளிநாட்டு மின்னிலக்கச் சேவைகளுக்கு 2020 முதல் அந்த வரி இருக்கிறது, 2024 முதல் 9 விழுக்காடு.

ஒரே வீட்டில் இரண்டு பிள்ளைகள் என்றால் இரண்டு சந்தா வேண்டுமா? வேண்டாம். பிஎஸ்5 அமைப்புகளில் பெட்டியைப் பகிர்வதற்கு ஒரு தெரிவு இருக்கிறது. சந்தா வைத்திருப்பவர் கணக்கில் அதை இயக்கினால், அந்தப் பெட்டியில் மற்ற கணக்குகளும் அவர் சேர்த்த கேம்களை ஆடலாம், இணையத்திலும் ஆடலாம். ஆகவே சந்தாவைப் பெற்றோர் கணக்கில் எடுங்கள். பிள்ளைக்குத் தனிக் கணக்கு, அதில் வயது வரம்பும் செலவு வரம்பும். இதை நான் அழுத்திச் சொல்லக் காரணம் இருக்கிறது. மாதாந்தரக் கேம் என்றால் சிறுவர் கேம் என்று பொருளில்லை. நம் நாட்டில் 2008 முதல் கேம்களுக்கு வயது வகைப்பாடு இருக்கிறது. எம்18 (18 வயதானவர்களுக்கு மட்டும்) முத்திரை உள்ள கேமைக் கடையில் பதின்மூன்று வயதுப் பையனுக்கு விற்க மாட்டார்கள். வரவேற்பறைத் தொலைக்காட்சியில் யார் பொத்தானை அழுத்துகிறார்கள் என்று கடைக்காரர் வந்து பார்க்கப் போவதில்லை.

மற்ற பெட்டிகளைப் பற்றிச் சுருக்கமாக. எக்ஸ்பாக்ஸிலும் 2013 முதல் இதே போல மாதக் கேம் திட்டம் இருந்தது. அதில் ஒரு தாராளம்: எக்ஸ்பாக்ஸ் 360 கேம்களைச் சேர்த்தால், சந்தா முடிந்த பிறகும் நம்மிடமே இருக்கும். அந்தத் திட்டம் 2023 செப்டம்பரில் முடிந்துவிட்டது. இப்போது கேம் பாஸ் மட்டும்தான், அது முழுக்க நூலக முறை. நிண்டெண்டோவில் மாதாமாதம் எடுத்துச் சேர்ப்பது என்று எதுவும் இல்லை. சந்தாவோடு பழைய காலத்துக் கேம்களின் தொகுப்பு வரும், எண்பதுகளில் பிள்ளைகளாக இருந்தவர்களுக்கு அது போதும். எந்தக் கட்டும் இல்லாமல் வைத்துக்கொள்ளும் இலவசம் வேண்டுமென்றால் கணினியில் அந்த எபிக் கடைதான். 2020 மே மாதம் ஜிடிஏ 5 என்ற புகழ்பெற்ற கேமை அங்கே இலவசமாகப் போட்டபோது கூட்டம் தாங்காமல் கடையே பல மணி நேரம் முடங்கியது.

அக்கா கடைசியில் கேட்டது ஒன்றுதான். "இப்ப கட்டாம ஜூன் லீவுக்குக் கட்டினா, இந்தப் பதினொண்ணும் திரும்ப வருமா?"

வரும் என்றேன். ஆடி நிறுத்திய இடமும் பெட்டிக்குள்ளேயே இருக்கும், அழிக்காமல் இருந்தால் சரி.

"அப்ப ஜூன்ல பாத்துக்கலாம்."

பின்னாலிருந்து மருமகன் என்னமோ சொல்ல வந்தான். அவன் நிலைமை எனக்குப் புரிந்தது, ஆனால் செங்காங் வீட்டு நிதியமைச்சரோடு வாதாட நான் யார்?

ஜூன் முதல் செவ்வாய்க்கிழமை இரவு அவனிடமிருந்து வாட்ஸ்அப்பில் ஒரு படம் வந்தது. பதினொரு கேம், ஒன்றிலும் பூட்டு இல்லை. பக்கத்தில் அந்த மாதம் வந்தவை, எல்லாவற்றையும் அழுத்திச் சேர்த்திருந்தான். கீழே ஒரு வரி: "மாமா, ஏப்ரல்ல ஒண்ணு வந்துச்சுல்ல, அது இப்ப நாப்பத்தஞ்சு வெள்ளி."